நாலு ஸ்லாப்புக்கு மூன்று நாட்டு எம்.பி.க்கள்

1. லாரி திரும்பிய காலை

நாலு சிமெண்ட் ஸ்லாப் ஏற்றிக்கொண்டு கருவடிக்குப்பத்துக்குப் போன லாரி ஒன்று, இங்கிலாந்தில் தேர்தல் முடிவு வந்துவிட்டது என்பதற்காகப் பாதி வழியில் திரும்பி வந்தது. இதைச் சொன்னால் யாரும் நம்புவதில்லை. என் வீட்டுக்காரரே நம்பவில்லை. ஆனால் லாரியைத் திருப்பச் சொன்ன போன் என் மேஜையிலிருந்துதான் போனது. பேசியவர் எங்கள் அண்டர் செக்ரட்டரி. நம்பரை அழுத்தி ரிசீவரை அவர் கையில் கொடுத்தவள் நான்.

நான் புதுச்சேரியில் ஓர் அரசு அலுவலகத்தில் புரோட்டோகால் செக்‌ஷனில் இருந்து ஓய்வு பெற்றவள். எந்த அலுவலகம் என்று சொல்ல மாட்டேன். மாதாமாதம் பென்ஷன் வர வேண்டும். அரியாங்குப்பத்திலிருந்து தினமும் பாலம் தாண்டி ஸ்கூட்டியில் வருவேன். எனக்கு வேலை இரண்டு வகை. வெளியூர் வி.ஐ.பி. வந்தால் கார், ரூம், மாலை, சால்வை, இளநீர் ஏற்பாடு செய்வது ஒன்று. எம்.பி., எம்.எல்.ஏ.க்கள் எழுதும் கடிதங்களை வி.ஐ.பி. ரெஃபரன்ஸ் ரிஜிஸ்டரில் ஏற்றி, உரிய துறைக்கு அனுப்புவது இன்னொன்று. மாலையும் நானே, மனுவும் நானே.

செக்‌ஷனில் புதிதாகச் சேர்ந்தவர்கள் எங்கே பார்த்தாலும், "மேடம், அந்த இங்கிலாந்து ஃபைல் நெஜமா?" என்று கேட்கிறார்கள். வாயால் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது. எழுதிவைக்கிறேன், படித்துக்கொள்ளுங்கள்.

2. துரையின் ஜாதகம்

பிரிட்டிஷ் பார்லிமெண்ட்டிலிருந்து நாலு எம்.பி.க்கள் இரண்டு நாள் சுற்றுப்பயணமாக வந்தார்கள். முதல் நாள் ராத்திரி விருந்து. மறுநாள் காலை மூன்று பேருக்கு வயிறு கெட்டுப்போய் எழுந்திருக்கவில்லை. நான் சமையல்காரரைக் குறை சொல்ல மாட்டேன். நண்டு மசாலாவை ஸ்பூனால் சூப் மாதிரி குடித்தால் யாருக்கானாலும் அதுதான் கதி. நாலாவது ஆள் விருந்தில் வெறும் ரொட்டியும் வாழைப்பழமும் சாப்பிட்டதால் தப்பினார். அவருக்கு எங்கள் செக்‌ஷனில் வைத்த பெயர் துரை. நானும் அப்படியே சொல்லிப் போகிறேன்.

நாலு பேருக்குப் போட்ட புரோகிராமை ஒற்றை ஆளை வைத்துக்கொண்டு ஓட்ட வேண்டியதாயிற்று. காரில் முன் சீட்டில் நான், பின்னால் துரை, மடியில் நாலு சால்வை, நாலு சந்தன மாலை. மற்ற மூவருக்கும் சேர்த்து அவருக்கே போட்டுவிட்டார்கள்.

எம்.பி. துரை என்றால் கோட்டை, குதிரை, வேட்டை நாய் என்று நான் நினைத்திருந்தேன். இவர் அப்பா வீடு வீடாகப் பால் போட்டவர். இவர் பள்ளிக்கூடத்தில் பூகோளம் நடத்தியவர். யாரும் வேண்டாம் என்ற தொகுதியைக் கட்சி இவர் தலையில் கட்டியது. இரண்டு தடவை தோற்றார். மூன்றாவது தடவை ஜெயித்தார். ஜெயித்த ஓட்டு வித்தியாசத்தை எங்கள் அரியாங்குப்பம் டவுன் பஸ்ஸில் ஏற்றிவிடலாம், ரெண்டு பேர் மட்டும் நின்றுகொண்டு வர வேண்டும்.

"மந்திரி ஆனீங்களா சார்?" என்று கேட்டேன்.

"மந்திரிசபையை மாற்றிய அன்று காலையிலிருந்து போன் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன். சாயங்காலம் மணி அடித்தது. பல் டாக்டர் பேசினார்" என்றார்.

இத்தனை வருஷத்தில் பெரிதாகச் சாதித்தது என்ன என்று கேட்டேன். ஒரு பஸ் ஸ்டாப்பை முப்பது அடி நகர்த்தினாராம். முதியோர் இல்லத்துக்கு எதிரே மேட்டில் இருந்ததை வாசலுக்கு நேராகக் கொண்டுவந்தாராம். அதற்கு நாலு வருஷம் ஆனதாம். எப்படி என்றதற்கு, "பதினைந்து நாளுக்கு ஒரு கடிதம். ஆமாம் என்றோ இல்லை என்றோ பதில் வரும்வரை விட மாட்டேன்" என்று சொன்னார். அதைச் சொல்லும்போது மட்டும் மனுஷன் நெஞ்சு நிமிர்ந்தது. எனக்குச் சிரிப்பு வந்தது. முந்தானையைச் சரிசெய்கிற மாதிரி திரும்பிக்கொண்டேன்.

3. இடித்தவர்களே கட்டட்டும்

நம் ஊர் வழக்கம் உங்களுக்குத் தெரியும். கெஸ்ட் ஹவுஸ் வாசலில் சைரன் வைத்த கார் நின்றால் போதும், மனுவோடு பத்துப் பேர் நிற்பார்கள். வந்திருப்பவர் யார், அவரால் ஆகுமா என்பதெல்லாம் இரண்டாம் பட்சம். "இவரு வெளிநாட்டு எம்.பி.ங்க, இங்க ஒன்னும் பண்ண முடியாது" என்று நான் கத்திக்கொண்டிருந்தேன். ஒரு அம்மாள் என்னைத் தள்ளிக்கொண்டு, "நம்ம ஆளுங்ககிட்ட குடுத்தாச்சு. இவருகிட்டயும் ஒன்னு குடுத்து வெப்போம். வேணாம்னா சொல்லப்போறாரு?" என்று ரேஷன் கார்டு நகலைக் கொடுத்துவிட்டுப் போனார். துரை எல்லாவற்றையும் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

அந்தக் கூட்டத்தில் கோட்டும் டையுமாக, நெஞ்சில் மூன்று மெடலோடு, எண்பது வயசுக்காரர் ஒருவர் விறைப்பாக நின்றார். முசியே அந்துவான். பிரெஞ்சு ராணுவத்தில் இருந்து பென்ஷன் வாங்குகிறவர். எங்கள் ஊரில் இப்படிப்பட்டவர்களைச் சொல்தா என்போம், மரியாதையாகக் கூப்பிடும்போது முசியே.

"ஏம்மா, இவரு இங்கிலீஷ்காரர்தானே?" என்றார் என்னிடம்.

"ஆமாங்க முசியே."

"பார்லிமெண்ட்ல இருக்கறவரு?"

"ஆமாங்க."

"அப்ப சரியான ஆளுதான். இந்த ஊர இடிச்சுத் தரைமட்டமாக்கிட்டுப் போனது இவங்க ஆளுங்க. கோட்டை, கோயில், வீடு ஒன்னு வுடல. அதெல்லாம் நான் திருப்பிக் கேக்கல. எங்க வூட்டு வாசல்ல நாலு ஸ்லாப் போட்டுத் தரச் சொல்லுங்க. கணக்கு தீந்துபோச்சு."

நான் கோட்டையை விட்டுவிட்டு ஸ்லாப்பை மட்டும் இங்கிலீஷில் சொன்னேன். முசியேவுக்குச் சந்தேகம் வந்துவிட்டது. என்னைத் தள்ளி நிறுத்திவிட்டு நேராகப் பிரெஞ்சில் ஆரம்பித்தார். பூகோள வாத்தியாருக்குப் பள்ளிக்கூடத்துப் பிரெஞ்சு கொஞ்சம் ஞாபகம் இருந்தது. கேட்கக் கேட்க முகம் சிவந்து, தொப்பியைக் கழற்றி, மிகவும் வருந்துகிறேன் என்றார். இருநூற்றைம்பது வருஷத்துக்கும் முந்தின சமாச்சாரத்துக்கு எங்கள் கெஸ்ட் ஹவுஸ் வாசலில் மன்னிப்புக் கேட்ட ஒரே ஆள் அவராகத்தான் இருப்பார்.

விஷயம் இதுதான். முசியே வீட்டு முன்னால் சாக்கடை தோண்டினார்கள். தோண்டிய காண்ட்ராக்டர் மூடாமல் போய்விட்டார். முசியேவின் மனைவி பத்மாவதி அம்மாளுக்கு, தெருவில் எல்லாரும் மதாம் என்பார்கள், வாரம் இரண்டு நாள் டயாலிசிஸ். கால் நடக்காது, வீல்சேர்தான். ஒவ்வொரு தடவையும் பக்கத்து வீட்டு ஆண்கள் இரண்டு பேர் அவரை நாற்காலியோடு தூக்கி, ஒரு பலகை மேல் நடந்து ஆட்டோவில் ஏற்ற வேண்டும். ஒரு மழை நாளில் பலகை நழுவியது. விழவில்லை, ஆனால் அதிலிருந்து பயம் பிடித்துக்கொண்டது. இரண்டு தடவை வர மாட்டேன் என்று கதவைப் பிடித்துக்கொண்டார்.

"டாக்டர் சொல்லிட்டாரு. இப்பிடி வுட்டு வுட்டுப் போனா ஆளு தங்காதுன்னு" என்றார் முசியே. அப்போது மட்டும் விறைப்பு கொஞ்சம் தளர்ந்தது.

துரை, "போய்ப் பார்க்கலாம்" என்றார்.

"சார், புரோகிராம்ல அடுத்தது மியூசியம்."

"மியூசியம் நாளைக்கும் இருக்கும்."

சிவப்புத் தொப்பி போலீஸ் முன்னால் பைக்கில் போக, சைரன் வைத்த கார் பின்னால் போக, நாங்கள் சாக்கடை பார்க்கப் போனோம். துரை குனிந்து, தன் குடையை வைத்து அளந்தார். அகலம் ஒன்றேகால் குடை. நோட்டில் அப்படியே எழுதிக்கொண்டார். மதாம் வாசலுக்கு உள்ளே வீல்சேரில் இருந்தபடி பார்த்துக்கொண்டிருந்தார்.

"யாருங்க இது?"

"இங்கிலாந்து எம்.பி.ம்மா."

"இவரு எதுக்கு? ரெண்டு தெரு தள்ளி என்ஜினியர் ஜே.இ. இருக்காரு, அவர இட்டாந்தா ஆவாதா?"

அதை நான் மொழிபெயர்க்கவில்லை.

அங்கேதான் புதுச் சிக்கல். அவர்கள் பார்லிமெண்ட்டில் ஒரு முறை உண்டாம். இன்னொருவர் தொகுதி ஆளின் குறையை எடுத்தால் அந்தத் தொகுதி எம்.பி.யிடம் சொல்லிவிட்டுத்தான் எடுக்க வேண்டும். "உங்கள் எம்.பி. யார்?" என்று துரை கேட்டார். முசியே பிரெஞ்சு குடிமகன், ஓட்டு பிரான்சுக்கு, அவருக்குப் பாரிஸில் ஒரு தெப்யுத்தே, அதாவது அந்த நாட்டு எம்.பி., இருக்கிறார். மதாம் அந்தக் குடியுரிமையை வாங்கவே இல்லை. "எங்க ஓட்டு இங்கதான். அவரு ஓட்டு அவரு பாடு" என்றார். ஆக ஒரு கூரைக்குக் கீழே இரண்டு நாட்டு எம்.பி. இரண்டு பேருக்கும் ஏற்கெனவே மனு போயிருந்தது. தெப்யுத்தே, மதாமின் உடல்நலம் விசாரித்து, இந்தியச் சாக்கடை தன் அதிகாரத்துக்குள் வராது என்று மரியாதையாக எழுதியிருந்தார். நம் எம்.பி. ஆபீஸில் மனுவை அன்றைக்கே உரிய இடத்துக்கு அனுப்பிவிட்டார்கள். துரை இருவருக்கும் அனுமதி கேட்டுக் காரிலேயே கடிதம் எழுதினார். மியூசியத்துக்கு நாங்கள் போகவே இல்லை.

4. பதினைந்து நாளுக்கு ஒன்று

துரை தன் ஊர் போய்ச் சேர்ந்த கையோடு எங்கள் அலுவலகத்துக்குக் கடிதம் வந்தது. நான் செய்த தவறு அன்று நடந்தது. வி.ஐ.பி. ரெஃபரன்ஸ் ரிஜிஸ்டரில் பெயர், பதவி, தொகுதி, பொருள், பதில் போன தேதி என்று கட்டங்கள் உண்டு. நாட்டுக்குக் கட்டம் இல்லை. எழுதியவர் எம்.பி. என்று பார்த்ததும் கை தன்னால் ஏற்றிவிட்டது. இருபது வருஷப் பழக்கம்.

அண்டர் செக்ரட்டரி நல்ல மனிதர்தான். ஆனால் மாதாந்திர ரிவ்யூ மீட்டிங் என்றால் முந்தின நாளே ஜுரம் வந்துவிடும். பெண்டிங் லிஸ்ட்டைப் பார்த்துக் கத்தினார்.

"யாரு இத ஏத்தினது?"

"நான்தான் சார்."

"எடுத்துடு."

"பக்கத்துக்கு நம்பர் போட்டிருக்கு சார். கிழிச்சா ரெண்டு பேருக்கும் மெமோ."

"அப்ப பதில் போட்டு முடி."

"வெளிநாட்டு எம்.பி.க்கு நாம நேரா எழுத முடியாது சார். டெல்லியில கேக்கணும்."

டெல்லிக்கு எழுதினோம். இரு நாடுகளுக்கிடையே எந்த ஒப்பந்தத்தின் கீழ் மேற்படி ஸ்லாப் போடப்படுகிறது, ஒப்பந்த நகலை இணைக்கவும் என்று பதில் வந்தது. அண்டர் செக்ரட்டரி அதை இரண்டு தடவை படித்துவிட்டு டீ வாங்கிவரச் சொன்னார்.

அதற்குள் பதினைந்து நாள் ஆகிவிட்டது. துரையின் இரண்டாவது கடிதம் வந்தது. புதுக் கடிதம், புது நம்பர். பிறகு மூன்றாவது, நாலாவது, ஐந்தாவது. பாரிஸ் தெப்யுத்தே தமக்கு ஆட்சேபம் இல்லை என்று துரைக்கு எழுதி எங்களுக்கு நகல் போட்டார். நம் எம்.பி. ஆபீஸிலிருந்தும் ஆட்சேபமில்லை என்று ஒரு நகல். எல்லாவற்றையும் ஏற்றினேன். ரிவ்யூவில் செக்ரட்டரி கண்ணாடியை இறக்கிக்கொண்டு கேட்டார்.

"பெண்டிங் ஏழு. ஏழும் ஒரே சாக்கடையா?"

"ஆமா சார்" என்றார் அண்டர் செக்ரட்டரி.

"இது எந்தத் தொகுதி? கேள்விப்பட்ட பேரா இல்லையே."

"வடக்க இருக்கு சார்."

"வடக்கன்னா?"

"ரொம்ப வடக்க சார்."

யாரும் சிரிக்கவில்லை. நான் மினிட்ஸ் எழுதிக்கொண்டிருந்ததால் தலை நிமிரவில்லை. செக்ரட்டரி, "எதுவா இருந்தா என்னய்யா, போட்டு முடிங்க" என்றார். ஜே.இ.யைக் கூப்பிட்டார்கள். ஸ்லாப் வார்த்தார்கள். நாள் குறித்தார்கள்.

இதற்கு நடுவில் மதாம் ஒரு தடவை டயாலிசிஸுக்குப் போகாமல் மூச்சு வாங்கி, ஐந்து நாள் ஆஸ்பத்திரியில் இருந்துவிட்டு வந்தார். முசியே எனக்குப் போன் செய்து அதைச் சொன்னார். புகார் மாதிரி சொல்லவில்லை, தகவல் மாதிரி சொன்னார். நான் "பாத்துக்கலாம் முசியே" என்றேன். அந்த வார்த்தையை நினைத்தால் இப்போதும் கூசுகிறது.

5. துரை தோற்றார்

ஸ்லாப் போட வேண்டிய அன்று காலை அண்டர் செக்ரட்டரி போனும் கையுமாக என் மேஜைக்கு ஓடி வந்தார். பதவி உயர்வு வந்தால் இருக்கும் அந்த முகம்.

"தோத்துட்டாரும்மா! உங்க துரை தோத்துட்டாரு! முன்னாள் எம்.பி. ரெஃபரன்ஸ் கணக்குல வராது. எல்லாம் லேப்ஸ். ஜே.இ.க்கு போன் போடு."

லாரி அப்போது முத்தியால்பேட்டை தாண்டியிருந்தது. ரிசீவருக்கு வெளியே கேட்கும்படி ஜே.இ. கத்தினார்: "சார், இன்னும் பத்து நிமிஷம் சார். எறக்கிட்டா வேல முடிஞ்சுடும்."

"வேல முடியறது முக்கியமில்லய்யா. ரெஃபரன்ஸ் முடிஞ்சுபோச்சு. திருப்பு வண்டிய."

அரை மணி கழித்து முசியேவிடமிருந்து போன். வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்களாம். மதாம் நல்ல புடவை கட்டிக்கொண்டிருக்கிறாராம். லாரி எங்கே வருகிறது என்று கேட்டார். "இங்கிலாந்துல தோத்துட்டாங்க முசியே" என்றேன். வேறு எப்படிச் சொல்வது?

"நான் அவங்கள எதிரியாத்தான் படிச்சிருக்கேன். ஆனா எடுத்த வேலைய பாதியில வுட்டுட்டு ஓடற ஆளுங்கன்னு எங்க வாத்தியார் சொன்னதில்லையே" என்று சொல்லி முசியே போனை வைத்துவிட்டார்.

அன்று மத்தியானம் சாப்பாட்டு டப்பாவைத் திறக்காமலே வீட்டுக்குத் திருப்பி எடுத்துப்போனேன்.

மூன்றாவது வாரம் முசியே வீட்டுக்கு ஒரு கனமான கவர் வந்தது. தோற்றவர் முடிக்காமல் விட்ட மனுக்களை ஜெயித்தவரிடம் ஒப்படைப்பது அங்கே வழக்கமாம். மனுதாரர் சம்மதிக்க வேண்டும் என்று ஒரு படிவம் வைத்திருந்தார் துரை. முசியே பிரெஞ்சு முறைப்படி "படித்தேன், ஒப்புகிறேன்" என்று தன் கையால் எழுதி, கீழே கையெழுத்துப் போட்டு அனுப்பினார்.

அடுத்து எங்கள் அலுவலகத்துக்கே கடிதம். ஜெயித்தவர் எதிர்க்கட்சிப் பெண்மணி, வக்கீல். எழுதியிருந்தது எனக்கு மனப்பாடம்: "எனக்கு முன்னால் இருந்தவரோடு எல்லாவற்றிலும் எனக்குக் கருத்து வேறுபாடு உண்டு, இந்தச் சாக்கடையைத் தவிர. அவர் பதினைந்து நாளுக்கு ஒருமுறை எழுதியதாக அறிகிறேன். நான் வாரம் ஒருமுறை எழுதுவேன்."

நடப்பு எம்.பி., புது ரெஃபரன்ஸ். ரிஜிஸ்டரில் ஏற்றிவிட்டு அண்டர் செக்ரட்டரி முன்னால் வைத்தேன். இந்தத் தடவை கை தன்னால் ஏற்றவில்லை, தெரிந்தேதான் ஏற்றினேன்.

"எத்தன வயசும்மா இவங்களுக்கு?"

"முப்பத்தொன்னாம் சார்."

அவர் விரல் விட்டு எண்ணினார். தன் ஓய்வுக்கு இருக்கும் வருஷத்தை எண்ணினாரா, வரப்போகும் கடிதங்களை எண்ணினாரா தெரியாது. பிறகு தானே போனை எடுத்தார். "ஜே.இ., அந்த லாரிய எடுய்யா. இன்னிக்கே. இப்பவே."

6. மதாம் கொடுத்த தாள்

வேலை முடிந்ததற்கு அத்தாட்சியாகப் போட்டோ எடுக்க நான் போனேன். நாலு ஸ்லாப்பையும் இறக்கிப் பொருத்த இருபத்தைந்து நிமிஷம் ஆனது. முசியே மெடல்களோடு நின்று கடைசி ஸ்லாப்புக்கு சல்யூட் வைத்தார். வாரா வாரம் தூக்குகிற பக்கத்து வீட்டு ஆண்கள் இருவரும் பழக்கத்தில் முன்னால் வந்தார்கள். மதாம் கையைக் காட்டி நிறுத்திவிட்டு, தானே சக்கரத்தைத் தள்ளிக்கொண்டு சாக்கடையைத் தாண்டினார். அன்று ஆஸ்பத்திரி நாள் இல்லை. தெரு முனை வரை போனார், ஒரு முழம் பூ வாங்கினார், திரும்பி வந்தார். நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு போட்டோ எடுத்தேன். பாதி போட்டோவில் என் விரல்தான் விழுந்திருந்தது.

பிறகு மதாம் என்னைப் பக்கத்தில் கூப்பிட்டு, மடியிலிருந்த ஃபைலிலிருந்து ஒரு நகலை எடுத்துக் கொடுத்தார். அவர் நம் எம்.பி.க்குக் கொடுத்த முதல் மனு. அங்கிருந்து அன்றைக்கே அனுப்பியதாகச் சொன்னார்களே, அந்த உரிய இடம் எங்கள் செக்‌ஷன்தான். "உரிய நடவடிக்கைக்கு அனுப்பப்படுகிறது" என்று ஸ்டாம்ப். ஸ்டாம்புக்குக் கீழே என் இனிஷியல், பக்கத்தில் என் பெயர். துரை வருவதற்குப் பதினாலு மாதம் முந்தின தேதி. அனுப்பிவிட்டால் எங்கள் ரிஜிஸ்டரில் முடிந்தது என்று எழுதிக்கொள்ளலாம். முடிந்தது என்று எழுதியிருந்தேன். எனக்கு ஞாபகமே இல்லை.

"இது ஒங்க கையெழுத்துதானேம்மா?"

"ஆமாம்மா."

"ஒங்க பேட்ஜுல பேரு பாத்தேன், அன்னிக்கே கேக்கணும்னு நெனச்சேன். அந்த வெள்ளக்காரரு கூட நின்னாரு. அவரு முன்னாடி ஒங்கள ஏன் கேக்கணும்னு வுட்டுட்டேன்."

பூவில் பாதியைக் கிள்ளி என்னிடம் கொடுத்தார். வாங்கித் தலையில் வைத்துக்கொண்டேன்.

துரைக்குச் சொந்தச் செலவில் தபால் தலை ஒட்டி ஒரு வரி எழுதினேன், ஸ்லாப் போட்டாகிவிட்டது என்று. டெல்லியைக் கேட்கவில்லை. பதில் வந்தது. என் கடிதத்தை வெளியில் போகிறபோது பிரித்ததாகவும், தாம் நகர்த்திய பஸ் ஸ்டாப்பில் நின்றபடி படித்ததாகவும் எழுதியிருந்தார். இப்போது மறுபடி பூகோளம் நடத்துகிறாராம்.

ஓய்வு பெற எனக்கு அப்போது இரண்டு வருஷம் இருந்தது. அந்த இரண்டு வருஷமும் வியாழக்கிழமைகளில் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில், முடிந்தது என்று நான் எழுதிய மனுக்களில் ஒன்றை எடுத்துக்கொண்டு ஸ்கூட்டியில் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். முக்கால்வாசி முடியவில்லை. சிலதை முடிக்க முடிந்தது.

புதிதாக வந்திருக்கிறவர்களுக்கு நான் சொல்ல இருப்பது இவ்வளவுதான். ஸ்டாம்ப் குத்துவதற்கு முன்னால் ஒரு தடவை போய்ப் பாருங்கள். என் மேஜையிலிருந்து மதாம் வீட்டு வாசலுக்கு எவ்வளவு தூரம் என்று அன்று திரும்பும்போது ஸ்கூட்டி மீட்டரில் பார்த்தேன். நாலு கிலோமீட்டர்கூட இல்லை. லண்டன் எவ்வளவு தூரம் என்று அந்தப் பூகோள வாத்தியாரைத்தான் கேட்க வேண்டும். அவர்தான் அங்கிருந்து வந்து பார்த்தார்.